உடலை அறிந்த எழுத்து, ஊரை அறியாத எழுத்து

முதல் உலகப்போர் முடிந்த சூட்டோடு, பெர்லினை ஒட்டிய வோல்டர்ஸ்டோர்ஃப் என்ற சிற்றூரில் ஓர் இந்தியா எழும்பியது. அரண்மனை, கோயில், புலிகள் உலவும் முற்றம் என எல்லாம் மரத்தாலும் சுண்ணச்சாந்தாலும் ஆனவை. 1921இல் இரண்டு பாகங்களாக வெளிவந்த ‘இந்தியக் கல்லறை’ என்ற மௌனப்படத்துக்காகப் போடப்பட்ட அரங்குகள் அவை. படத்தைத் தயாரித்து இயக்கியவர் ஜோ மே. கதை, 1918இல் வெளியான ஒரு நாவலிலிருந்து வந்தது. நாவலை எழுதியவர் தேயா ஃபான் ஹார்பு. ஃப்ரிட்ஸ் லாங்குடன் சேர்ந்து படத்தின் திரைக்கதையை எழுதியவரும் அவரே. அடிப்படையில் அவர் ஒரு மேடை நடிகை. இந்தியாவை அவர் பார்த்ததில்லை.

ஜெர்மனியின் மௌனப்பட யுகத்தில் நடிப்பைவிட்டு எழுத்துக்கு வந்தவர்கள் பலர். அவர்களில் ஹார்புவின் வாழ்க்கை மட்டும் இந்தியாவோடு திரும்பத் திரும்பச் சிக்கிக்கொண்டது. அவர் கற்பனையில் இந்தியாவைக் கட்டிக்கொண்டிருந்த அதே பத்தாண்டில், லண்டனில் இருந்த நிரஞ்சன் பால் என்ற வங்காளி ஜெர்மானியர்கள் படமெடுப்பதற்காக இந்தியக் கதைகளை எழுதினார். அடுத்த பத்தாண்டின் முடிவில், ஹார்புவோடு சேர்ந்து திரைக்கதை எழுதிய வில்லி ஹாஸ் அகதியாகப் பம்பாய்க்கு வந்து இந்திப் படங்களுக்கு எழுதினார். இந்த மூவரையும் அருகருகே வைத்துப் பார்த்தால் ஒரு கேள்வி எழுகிறது. ஒரு நாடு திரையில் எப்படித் தோன்ற வேண்டும் என்பதைத் தீர்மானிப்பது எழுதுபவரின் அறிவா, அல்லது எதிரே உட்கார்ந்திருக்கும் பார்வையாளரா?

நடிகர்கள் ஏன் எழுத வந்தார்கள்

பேச்சில்லாத படத்துக்கு எழுத்தாளர் எதற்கு என்று இன்று கேட்கத் தோன்றும். உண்மையில் அன்றுதான் எழுத்தாளரின் வேலை கடினமாக இருந்தது. வசனத்தில் சாய்ந்துகொள்ள வழியில்லை. இடையிடையே வரும் எழுத்தட்டைகளை எவ்வளவு குறைக்கிறோமோ அவ்வளவுக்குப் படம் ஓடும். ஒருத்தி தன் காதலன் பொய் சொல்கிறான் என்று அறிந்துகொள்வதைக் கதவு, கண்ணாடி, கைக்குட்டை, ஒரு பார்வை ஆகியவற்றைக் கொண்டே காட்டியாக வேண்டும். அந்தப் பார்வை எவ்வளவு நேரம் நீடிக்கலாம், எந்தக் கணத்தில் அது மிகையாகிவிடும் என்பதை நாவலாசிரியர்களைவிட நடிகர்கள் நன்றாக அறிந்திருந்தார்கள்.

இதற்குத் துல்லியமான உதாரணம் ஹன்ஸ் க்ரேலி. 1884இல் ஹாம்பர்கில் பிறந்தவர். ஆஸ்டா நீல்சன் நடித்த படங்கள் வந்த காலத்தில் சிறு வேடங்களில் நடித்துக்கொண்டிருந்தார். பிறகு எழுதத் தொடங்கினார். அவரைப் போலவே நடிகராக இருந்து இயக்குநரான எர்ன்ஸ்ட் லுபிச்சோடு சேர்ந்தபோது இருவருக்கும் ஒரே நாடித்துடிப்பு அமைந்தது. ‘சிப்பி இளவரசி’, ‘பொம்மை’, ‘மேடம் துபாரி’ ஆகிய மூன்றும் 1919இல் மட்டும் வந்த படங்கள். லுபிச்சின் முத்திரையென்று பின்னாளில் புகழப்பட்ட அந்தக் குறும்பு, மூடிய கதவுக்கு முன்னால் கேமராவை நிறுத்திவிட்டு உள்ளே நடப்பதைப் பார்வையாளரே ஊகிக்க விடும் அந்தச் சாமர்த்தியம், பாதிக்குமேல் எழுத்து மேசையிலேயே தயாரானது. லுபிச்சைத் தொடர்ந்து க்ரேலி ஹாலிவுட் போனார். எமில் யானிங்ஸ் நடித்த ‘தேசபக்தன்’ (1928) படத்தின் எழுத்துக்காக ஆஸ்கர் பெற்றார். அந்தப் படத்தின் சில துண்டுகளே இன்று மிஞ்சியிருக்கின்றன. லுபிச்சின் மனைவியோடு க்ரேலிக்கு ஏற்பட்ட உறவால் அந்தக் கூட்டணி உடைந்தது. அதன்பின் அவர் பெயர் மெல்ல மங்கியது.

க்ரேலி தனியொருவர் அல்லர். ‘கோலம்’ (1915) படத்தை பால் வேகனரும் ஹென்ரிக் கலேனும் சேர்ந்து எழுதி, சேர்ந்து இயக்கி, இருவரும் நடிக்கவும் செய்தார்கள். அதே கலேன்தான் பின்னர் ‘நோஸ்ஃபெராட்டு’ (1922) படத்தின் திரைக்கதையை எழுதினார். அந்த ரத்தக்காட்டேரியின் நிழல் மாடிப்படிகளில் ஏறும் காட்சியில் வார்த்தைக்கு வேலையே இல்லை. உடலின் வடிவமே அங்கே கதை சொல்கிறது. நடித்துப் பழகியவர் எழுதியது என்று கண்ணை மூடிக்கொண்டு சொல்லிவிடலாம்.

நாடக மேடையின் மகள்

ஹார்பு 1888 டிசம்பர் 27 அன்று பவேரியாவில், ஹோஃப் நகருக்கருகே பிறந்தார். பிரபுக் குடும்பம். பட்டம் இருந்தது, பணம் இல்லை. சிறுவயதிலேயே எழுதத் தொடங்கியவர், சொந்தக் காலில் நிற்க வேண்டும் என்பதற்காக 1906இல் டூசல்டோர்ஃப் மேடையில் நடிக்கப் போனார். பிறகு வைமார், கெம்னிட்ஸ், ஆகன் என ஊர் ஊராக நாடகக் குழுக்களில் வேலை. ஆகனில் சந்தித்த ருடோல்ஃப் க்ளைன்-ரோக என்ற நடிகரை 1914இல் மணந்தார்.

நடிப்பும் எழுத்தும் சில காலம் ஒன்றாக ஓடின. 1920இல் ஜோ மேக்காகத் திரைக்கதை எழுதத் தொடங்கினார். அங்கேதான் ஃப்ரிட்ஸ் லாங்கின் அறிமுகம். 1922இல் இருவரும் மணம் செய்துகொண்டார்கள். 1921 முதல் பத்தாண்டுக் காலம் லாங் இயக்கிய படங்கள் அத்தனையிலும் ஹார்புவின் கை இருந்தது: ‘களைத்த மரணம்’ (1921), ‘டாக்டர் மபூஸே’ (1922), ‘நீபெலுங்கர்’ (1924), ‘மெட்ரோபோலிஸ்’ (1927), ‘உளவாளிகள்’ (1928), ‘நிலவில் ஒரு பெண்’ (1929), ‘எம்’ (1931). இடையே இயக்குநர் முர்னாவுக்கும் எழுதினார், டென்மார்க்கின் ட்ரையர் பெர்லினில் எடுத்த ‘மிக்கேல்’ படத்துக்கும் எழுதினார். அக்காலத்து ஜெர்மன் திரையின் மூன்று பேராளுமைகளுக்கு ஒருவரே எழுதியிருக்கிறார் என்பது சாதாரணச் செய்தி அல்ல.

அவர் எழுத்தில் நடிகையின் பயிற்சி எங்கே தெரிகிறது? முதலில், யாருக்காக எழுதினார் என்பதில். விவாகரத்தான முதல் கணவர் க்ளைன்-ரோகவை அவர் கைவிடவில்லை. மபூஸே என்ற குற்றச் சக்கரவர்த்தி, ‘மெட்ரோபோலிஸ்’ படத்தின் பித்தேறிய விஞ்ஞானி ரோட்வாங், ‘உளவாளிகள்’ படத்தின் ஹாகி என மூன்றும் அவரே ஏற்ற வேடங்கள். அந்தக் கண்களும் அந்தக் கை விரல்களும் என்ன செய்யக்கூடும் என்று மேடையில் கூடவே நின்று பார்த்தவர் எழுதிய பாத்திரங்கள் இவை. அடுத்து, ‘மெட்ரோபோலிஸ்’ படத்தின் மரியா. தொழிலாளர்களுக்கு ஆறுதல் சொல்லும் சாதுவான பெண், அவள் உருவத்தில் செய்யப்பட்ட இயந்திரப் பெண் என இரண்டையும் ஒரே நடிகை செய்தாக வேண்டும். முகம் ஒன்றே. வேறுபாடு தோளைக் குறுக்குவதிலும் இமையைத் தாழ்த்துவதிலும்தான். ஒரு நடிகைக்குப் பந்தயம் கட்டிக் கொடுத்தது போன்ற எழுத்து அது.

பேசும் படம் வந்தபோது, மௌனத்தில் வளர்ந்த பல எழுத்தாளர்கள் தடுமாறினார்கள். ஹார்பு தடுமாறவில்லை. ‘எம்’ படத்தில் குழந்தைகளைக் கொல்பவனைக் காட்டிக்கொடுப்பது அவன் முகமன்று, அவன் அடிக்கும் சீழ்க்கை. பார்வையற்ற பலூன் வியாபாரி அதைக் கேட்டு அவனை அடையாளம் காண்கிறார். ஒலியை வசனத்துக்குச் செலவழித்துவிடாமல், ஓர் அங்க அசைவைப் போலவே கையாண்டார்கள்.

‘மெட்ரோபோலிஸ்’ நாவலும் திரைக்கதையும் ஒருசேர வளர்ந்தவை. படம் திரைக்கு வருமுன்பே, படத்தின் ஒளிப்படங்களோடு நாவல் பத்திரிகையில் தொடராக வந்தது. தமிழ் வாசகருக்கு இது புதிதாகத் தோன்றாது. 1939இல் கல்கியின் ‘தியாகபூமி’ ஆனந்த விகடனில் தொடராக வந்தபோது, கே. சுப்ரமணியம் இயக்கிக்கொண்டிருந்த படத்தின் காட்சிகளே அதற்குச் சித்திரங்களாக அச்சாயின. எழுத்தும் திரையும் ஒன்றையொன்று தாங்கிக்கொள்ளும் இந்த உத்தி பெர்லினிலும் சென்னையிலும் ஒன்றுபோலப் பலித்தது.

கல்லறை என்ற கற்பனை

உடலை இவ்வளவு நுட்பமாக அறிந்த ஒருவர் தான் அறியாத நாட்டை எழுதியபோது என்ன ஆயிற்று? ‘இந்தியக் கல்லறை’யின் கதை இது. ஒரு மகாராஜா, தன் மனைவிக்குக் கல்லறை கட்டித்தர ஐரோப்பியக் கட்டடக்கலைஞர் ஒருவரை அழைத்துவர யோகியை அனுப்புகிறான். வந்து சேர்ந்த பிறகே கலைஞருக்கு உண்மை தெரிகிறது: அந்த மனைவி உயிரோடு இருக்கிறாள். அவள் ஓர் ஆங்கிலேய அதிகாரியை நேசித்தவள். கட்டப்போவது நினைவுச் சின்னமன்று, தண்டனை. மகாராஜாவாக கொன்ராட் ஃபைட் நடித்தார். நீண்ட விரல்களும் உள்ளொடுங்கிய கண்களுமாக அவர் அசையாமல் நிற்கும் காட்சிகள் நூறாண்டு கழித்தும் மிரட்டுகின்றன. உடலைப் பொறுத்தவரை ஹார்பு தோற்கவில்லை. நாடுதான் பொய்.

தாஜ்மகாலைத் தலைகீழாகக் கவிழ்த்தால் கிடைக்கும் கதை இது. அங்கே காதலின் துயரம், இங்கே காதலின் பழி. ஐரோப்பியக் கற்பனைக்கு இந்தியக் கல்லறை என்றாலே மர்மமும் கொடூரமும். கல்லறைகளுக்கு நடுவே குடியிருக்கும் தில்லிவாசிகளுக்கு இது வேடிக்கையாக இருக்கும். கிழக்குக் கித்வாய் நகரில், அரசு ஊழியர் குடியிருப்புகளுக்கு இடையே, லோடி காலத்துப் பிரபுவான தரியா கான் லோஹானியின் கல்லறை இருக்கிறது. உயர்ந்த மேடை, மூலைகளில் குவிமாட மண்டபங்கள், நடுவே திறந்த வெளியில் சமாதி. ரஃபி அகமது கித்வாயின் பெயரில் சுதந்திரத்துக்குப் பிறகு எழுந்த அந்தக் காலனியில் தமிழ்க் குடும்பங்கள் உட்படப் பல மாநிலத்தவர் தலைமுறைகளாக வாழ்ந்து, மாற்றலாகி, ஓய்வுபெற்றுப் போயிருக்கிறார்கள். கல்லறைக்குப் பக்கத்தில் துணி காய்கிறது, பிள்ளைகள் பள்ளிக்கூடம் போகிறார்கள். இந்தியக் கல்லறையின் உண்மை நிலை இந்த அன்றாடம்தான். வோல்டர்ஸ்டோர்ஃபில் கட்டப்பட்ட கல்லறையில் மகாராஜாவும் யோகியும் புலியும் இருந்தார்கள், அன்றாடம் மட்டும் இல்லை.

இதை ஹார்புவின் அறியாமை என்று சொல்லி முடித்துவிட முடியாது. போரில் தோற்று, விலைவாசி விண்ணை முட்டிக்கொண்டிருந்த ஜெர்மனியில், டிக்கெட் வாங்கி உள்ளே வந்தவர்களுக்குத் தேவைப்பட்டது தொலைதூரம். தங்கமும் பளிங்கும் நிறைந்த ஒரு தொலைதூரம். அவர்களுக்காகவே அந்த இந்தியா எழுதப்பட்டது. இந்தியாவைச் சுற்றிப் பார்த்துவிட்டு வந்திருந்தாலும் அவர் இதையேதான் எழுதியிருப்பார் என்று நம்பக் காரணம் இருக்கிறது. அதைக் கடைசியில் பார்க்கலாம்.

முனிச்சுக்கு வந்த புத்தர்

எதிர்த்திசையிலிருந்து ஓர் இந்தியர் எழுதினார். நிரஞ்சன் பால், தேசியத் தலைவர் பிபின் சந்திர பாலின் மகன். இளமையில் லண்டனில் சாவர்க்கர் வட்டத்தோடு பழகியவர். பிறகு நாடகத்துக்குத் திரும்பினார். அவர் எழுதிய ‘தி காடெஸ்’ நாடகம் 1922இல் லண்டனில் மேடையேறியபோது, அதில் நடித்தவர் சட்டம் படிக்க வந்திருந்த ஹிமான்சு ராய். இந்த இருவர் கூட்டணியே பின்னாளில் இந்தியத் திரையின் போக்கை மாற்றியது.

எட்வின் ஆர்னால்ட் புத்தரைப் பற்றி எழுதிய ‘ஆசிய ஜோதி’ என்ற ஆங்கிலக் காவியத்தைப் பால் திரைக்கதையாக்கினார். அதை எடுத்துக்கொண்டு ராய் 1924இல் முனிச்சுக்குப் போனார். அங்கே எமெல்கா நிறுவனத்தை நடத்தியவர் பீட்டர் ஓஸ்டர்மயர். அவருடைய அண்ணன் ஃப்ரான்ஸ், ஓஸ்டன் என்ற பெயரில் படம் இயக்கிக்கொண்டிருந்தார். ஒப்பந்தம் எளிமையானது: கேமராவும் தொழில்நுட்பக் குழுவும் ஜெர்மனி தரும். இந்திய நடிகர்கள், இடங்கள், இந்தியாவில் ஆகும் செலவு ராயின் பொறுப்பு. 1925இல் ‘பிரேம் சன்யாஸ்’ என்ற அந்தப் படம் உருவானது. கௌதமராக ஹிமான்சு ராயே நடித்தார். கோபாவாக ரெனே ஸ்மித் என்ற ஆங்கிலோ-இந்தியச் சிறுமி, சீதா தேவி என்ற பெயரில் அறிமுகமானாள்.

வோல்டர்ஸ்டோர்ஃபுக்கு நேர் எதிராக நின்றது இந்தப் படம். அரங்கு போடவில்லை, செயற்கை விளக்கு இல்லை, ஒப்பனை இல்லை என்று படத்தின் தொடக்கத்திலேயே பெருமையோடு அறிவித்தார்கள். ஜெய்ப்பூர் மகாராஜா யானைகளும் ஆட்களும் கொடுத்து உதவினார். நாம் பார்ப்பது நிஜமான இந்திய மண், நிஜமான இந்திய வெயில்.

ஆனால் படம் எப்படித் தொடங்குகிறது? ஐரோப்பியச் சுற்றுலாப் பயணிகள் இந்தியாவைச் சுற்றிப் பார்க்கிறார்கள். போத்கயாவில் ஒரு முதியவர் அவர்களுக்குப் புத்தரின் கதையைச் சொல்கிறார். முழுப்படமும் அந்தப் பயணிகளுக்குச் சொல்லப்படும் கதையாகவே விரிகிறது. புத்தர் யார் என்பதை ஒரு வங்காளிக்கோ சிங்களவருக்கோ இப்படி அறிமுகப்படுத்தத் தேவையில்லை. பாலின் பார்வையாளர் லண்டனிலும் முனிச்சிலும் இருந்தார். இங்கிலாந்தில் படம் நல்ல வரவேற்பைப் பெற்றது, அரசர் ஐந்தாம் ஜார்ஜ் விண்ட்சர் மாளிகையில் பார்த்தார். இந்தியாவில் வசூல் சொல்லிக்கொள்ளும்படி இல்லை.

1928இல் தாஜ்மகாலின் கதையாக ‘ஷிராஸ்’, 1929இல் மகாபாரதச் சூதாட்டத்தின் சாயலோடு ‘பிரபஞ்ச பாஷ்’ வந்தன. இரண்டும் பாலின் படைப்பிலிருந்து உருவாகி, ஓஸ்டன் இயக்கத்தில் வெளிவந்தவை. திரைக்கதையைச் செப்பனிட இம்முறை ஐரோப்பிய எழுத்தாளர்கள் சேர்க்கப்பட்டார்கள். ஏறத்தாழ நூறு ஆண்டுக்குப் பிறகும் இந்தப் படங்கள் பார்க்கத் தக்கவையாக இருக்கின்றன. ‘ஷிராஸ்’ 2017இல் அனுஷ்கா சங்கரின் இசையோடு மீட்டெடுக்கப்பட்டு உலகெங்கும் திரையிடப்பட்டது. எனினும் ஒன்றை ஒப்புக்கொள்ள வேண்டும். ஹார்புவின் மகாராஜாவும் பாலின் மகாராஜாவும் யானை, முத்துமாலை, பளிங்கு மாடம் என ஒரே சாமான்களோடுதான் வருகிறார்கள். ஒருவருக்கு அவை அட்டையில் செய்யப்பட்டவை, மற்றவருக்கு அசலானவை. பார்வையாளர் இருவருக்கும் ஒருவரே.

மாலாட்டில் மாறிய எழுத்து

பார்வையாளர் மாறினால் எழுத்தும் மாறும் என்பதற்கு நிரூபணம் அதே குழுவிடமே கிடைக்கிறது. பேசும் படம் வந்ததும் ஐரோப்பியச் சந்தை மொழியால் மூடிக்கொண்டது. 1934இல் ஹிமான்சு ராயும் தேவிகா ராணியும் பம்பாய் மாலாட்டில் பாம்பே டாக்கீஸைத் தொடங்கினார்கள். ஓஸ்டன் இயக்கினார். முதல் படத்திலிருந்தே உடன் வந்த யோசெஃப் விர்ஷிங் ஒளிப்பதிவு. அரங்க அமைப்புக்கு கார்ல் ஃபான் ஷ்ப்ரெட்டி. கதைக்கு நிரஞ்சன் பால். ஆள்கள் பெரும்பாலும் பழையவர்களே. டிக்கெட் வாங்குபவர் மட்டும் கான்பூரிலும் லாகூரிலும் இருந்தார்.

1936இல் வந்த ‘அச்சூத் கன்யா’வில் மகாராஜா இல்லை, யானை இல்லை. பிராமணக் கடைக்காரர் மகனும், ரயில்வே கேட்காரரின் மகளான தலித் பெண்ணும் காதலிக்கிறார்கள். ஊர் ஒப்பவில்லை. அவள் தண்டவாளத்தில் ரயிலை நிறுத்த முயன்று உயிரைவிடுகிறாள். ரயில்வே கேட்டருகே அவள் நினைவுச் சின்னத்தின் முன் கதை பின்னோக்கிச் சொல்லப்படுகிறது. ‘பிரேம் சன்யாஸ்’ போலவே இதுவும் ஒருவர் இன்னொருவருக்குச் சொல்லும் கதை. ஆனால் கேட்பவர் இப்போது உள்ளூர்க்காரர். தீண்டாமை என்றால் என்ன என்று அவருக்கு விளக்கத் தேவையில்லை, உறைக்க வைத்தால் போதும்.

இந்தப் படம் எழுதப்பட்ட விதமும் கவனிக்கத்தக்கது. பால் கதையை ஆங்கிலத்தில் எழுதினார். இந்தி தெரியாத ஓஸ்டன் அதை இயக்கினார். நடிகர்கள் பேசிய வசனத்தை ஜே.எஸ். காஷ்யப் எழுதினார். மொழி புரியாத இயக்குநர் எதைப் பார்த்து ஒரு காட்சி சரியாக வந்தது என்று முடிவு செய்திருப்பார்? முகத்தையும் நடையையும் இடைவெளிகளையும் பார்த்துத்தான். அதாவது பேசும் படத்தை மௌனப்படம் போலவே அவர் பார்த்திருக்க வேண்டும். அசோக் குமார் போன்று நடிப்பனுபவம் இல்லாத இளைஞரை வைத்துக்கொண்டு, மேடை நாடகத்தின் உரத்த தொனியிலிருந்து விலகிய அடக்கமான நடிப்பை அந்த ஸ்டுடியோ உருவாக்கியதற்கு இதுவும் ஒரு காரணம் என்று கருத இடமிருக்கிறது.

ஓஸ்டன் பாம்பே டாக்கீஸுக்கு 16 படங்கள் இயக்கினார். அதே காலத்தில் நாஜிக் கட்சியிலும் சேர்ந்திருந்தார். 1939 செப்டம்பரில் போர் மூண்டதும் ஜெர்மானியர்கள் கைதானார்கள். 1940 மே மாதம் ஹிமான்சு ராய் இறந்தார். ஓஸ்டன் ஊர் திரும்பினார். விர்ஷிங் போர் முடியும்வரை முகாமில் அடைபட்டு, பிறகு இங்கேயே தங்கிவிட்டார். ‘மஹல்’ (1949) படத்தின் இருளும் ‘பாகீஸா’வின் ஒளியும் அவர் கண்ணிலிருந்து வந்தவை.

பெர்லினின் விமர்சகர், பம்பாயின் அகதி

ஓஸ்டன் கைதான அதே ஆண்டில் பம்பாய்க்கு வந்து சேர்ந்தார் வில்லி ஹாஸ். 1891இல் பிராகில் பிறந்த யூதர். காஃப்கா, வெர்ஃபெல், மாக்ஸ் ப்ராட் ஆகியோரின் வட்டத்தைச் சேர்ந்தவர். 1920களில் பெர்லினில் திரைப்பட விமர்சகர். முர்னாவின் ‘எரியும் வயல்’ (1922) படத்தை ஹார்புவோடு சேர்ந்து எழுதினார். பாப்ஸ்ட் இயக்கி, இளம் கிரேட்டா கார்போ நடித்த ‘மகிழ்ச்சியற்ற வீதி’ (1925) அவருடைய திரைக்கதை. அதே ஆண்டில் அவர் தொடங்கிய ‘இலக்கிய உலகம்’ வார இதழ் வைமார் ஜெர்மனியின் அறிவுலகத்துக்கு மேடையாக இருந்தது. 1933இல் ஹிட்லர் வந்ததும் எல்லாம் முடிந்தது. பிராகுக்குத் திரும்பினார். 1939இல் அங்கேயும் ஜெர்மன் படைகள் வந்தன.

பம்பாயில் அவருக்கு வேலை கொடுத்தவர் மோகன் பவ்நானி. மௌனப்படக் காலத்தில் ஜெர்மனிக்குப் போய்த் திரைக்கலை கற்றவர். ‘ஷிராஸ்’ படத்தில் மும்தாஜாக நடித்த ஏனாக்ஷி ராமா ராவ் அவருடைய மனைவி. ஹாஸுக்கு முன்பே பம்பாய்க்கு வந்து, அகில இந்திய வானொலியில் பணியாற்றிய இசையமைப்பாளர் வால்டர் காஃப்மன் இருவருக்கும் நண்பர். இப்படி ஒரு சிறு வட்டத்துக்குள்தான் ஓர் அகதியின் உயிர் தப்பியது.

பவ்நானி இலக்கியவாதிகளை நாடுபவர். 1934இல் பிரேம்சந்தைப் பம்பாய்க்கு வரவழைத்து ‘மில்’ படத்தை எழுத வைத்தவரும் அவரே. அதில் பிரேம்சந்த் ஒரு சிறு வேடத்தில் நடிக்கவும் செய்தார். மற்றவர்கள் நடிப்பிலிருந்து எழுத்துக்கு வந்தார்கள் என்றால், இவர் எழுத்திலிருந்து ஒரு காட்சிக்கு நடிப்புக்குப் போய் வந்தார். தொழிலாளர் போராட்டத்தைக் காட்டியதால் படத்துக்குத் தணிக்கைத் தொல்லை. மனம் வெறுத்த பிரேம்சந்த் 1935இல் ஊருக்குத் திரும்பிவிட்டார்.

ஹாஸுக்குத் திரும்ப ஊர் இல்லை. பவ்நானிக்காக இப்சனின் ‘பேய்கள்’ நாடகத்தை இந்தியக் குடும்பக் கதையாக மாற்றினார். அதுவே ‘ஜூட்டி ஷர்ம்’. தந்தையின் பாவம் பிள்ளையின் உடலில் நோயாக வந்து நிற்கும் நார்வே நாடகத்தை, குடும்ப மானம் என்ற இந்தியக் கவலையோடு பொருத்தினார். இந்த நாட்டின் மொழியும் தெரியாது, சடங்கும் தெரியாது. அதை மறைக்கப் புலியையோ யோகியையோ அவர் வரவழைக்கவில்லை. தனக்கு நன்றாகத் தெரிந்ததை, மூடிய வீட்டுக்குள் பொய் எப்படி அழுகுகிறது என்பதை எடுத்துக்கொண்டார். இங்குள்ளவர்கள் பார்க்கப்போகும் படத்தில் இந்தியாவை அதிசயமாகக் காட்டினால் சிரிப்பார்கள் என்பது ஒரு விமர்சகருக்குத் தெரியாமலிருக்காது.

பிறகு அவர் பிரிட்டிஷ் இந்திய ராணுவத்தில் கடிதத் தணிக்கையாளராக வேலை பார்த்தார். போருக்குப் பின் ஜெர்மனி திரும்பி, ஹாம்பர்கில் ‘டீ வெல்ட்’ நாளிதழின் விமர்சகரானார். 1952இல் காஃப்கா மிலேனாவுக்கு எழுதிய கடிதங்களைப் பதிப்பித்தவர் இவர்தான். இலக்கிய உலகம் அவரை அதற்காகவே நினைவில் வைத்திருக்கிறது. பம்பாய் ஆண்டுகள் பெரும்பாலும் அடிக்குறிப்பாகவே நின்றுவிட்டன.

புதுக்கோட்டையின் பயில்வான்

நடிப்பும் எழுத்தும் இப்படிக் கைகோத்ததற்குத் தமிழ்நாட்டிலும் ஓர் இணை உண்டு. புதுக்கோட்டையில் பிறந்த ராஜா சாண்டோ, உடற்பயிற்சி வீரராகப் பெயர் எடுத்து, பம்பாய் மௌனப்படங்களில் நாயகனானவர். மௌன யுகத்தின் கடைசி ஆண்டுகளில் சென்னைக்கு வந்து, ஆர். பத்மநாபனின் அசோசியேட்டட் ஃபிலிம்ஸுக்காக ‘பேயும் பெண்ணும்’ (1930) முதலிய படங்களை இயக்கினார். அவருக்குச் சினாரியோ எழுதி உதவிய இளம் வழக்கறிஞர் கே. சுப்ரமணியம். அந்தப் பயிற்சியோடு அவர் 1934இல் ‘பவளக்கொடி’யை இயக்கினார், அதிலேதான் எம்.கே. தியாகராஜ பாகவதர் திரைக்கு வந்தார். உடலால் கதை சொல்லத் தெரிந்த ஒருவரின் பக்கத்தில் உட்கார்ந்து எழுதிப் பழகியவர், பாட்டும் பேச்சும் பெருக்கெடுத்த காலத்துக்குள் நுழைந்தார். புராணத்திலிருந்து ‘பாலயோகினி’, ‘சேவாசதனம்’, ‘தியாகபூமி’ என்று சமூகக் கதைகளுக்கு அவர் நகர்ந்தது, எதிரே உட்கார்ந்திருந்த தமிழ்ப் பார்வையாளரின் காலம் மாறிவிட்டதை உணர்ந்ததால்தான்.

இந்தியர் ஒருவரும் பழைய இந்தியாவும்

ஹார்புவின் வாழ்க்கையில் கடைசித் திருப்பம் இந்தியாவே. 1930களின் தொடக்கத்தில் ஆயி தெண்டுல்கர் என்ற மராட்டிய இளைஞரை பெர்லினில் சந்தித்தார். அவரைவிடப் பல ஆண்டுகள் இளையவர், பத்திரிகையாளர். லாங்குடனான மணவாழ்க்கை 1933இல் விவாகரத்தில் முடிந்தது. லாங் ஜெர்மனியைவிட்டு வெளியேறினார். ஹார்பு அங்கேயே இருந்தார், தெண்டுல்கரோடு வாழ்ந்தார், ரகசியமாக மணமும் செய்துகொண்டார் என்று சொல்லப்படுகிறது. நாஜிக் கட்சியிலும் சேர்ந்தார். ஜெர்மனியில் இருந்த இந்தியர்களுக்கு உதவவே சேர்ந்ததாகப் பின்னாளில் விளக்கம் சொன்னார். அந்த விளக்கத்தை அப்படியே ஏற்க முடியவில்லை. வைட் ஹார்லன் இயக்கிய ‘ஆள்பவன்’ (1937) போன்ற, தலைவன் வழிபாட்டைப் போற்றும் படத்தின் திரைக்கதையில் அவர் பெயரும் இருக்கிறது. அதற்கு இந்தியர்களின் நலன் காரணமாக முடியாது.

தெண்டுல்கர் போருக்கு முன்பே இந்தியா திரும்பி, பெல்காமில் பத்திரிகை நடத்தி, பிரிட்டிஷ் சிறையில் அடைபட்டு, பின்னர் இந்துமதி குணாஜியை மணந்தார். காந்தியின் சம்மதத்துக்காக ஆண்டுக்கணக்கில் காத்திருந்து நடந்த திருமணம் அது. ஹார்பு, தெண்டுல்கர், இந்துமதி ஆகிய மூவரின் கதையை, பின்னிருவரின் மகள் லட்சுமி தெண்டுல்கர் தௌல் 2013இல் நூலாக எழுதினார். ஹார்பு போருக்குப் பின் பிரிட்டிஷ் முகாமில் அடைக்கப்பட்டார், இடிபாடுகளை அகற்றும் வேலை செய்தார். 1954 கோடையில் ‘களைத்த மரணம்’ மறுதிரையிடலுக்குப் போனவர், திரும்பும்போது விழுந்து அடிபட்டு, ஜூலை 1 அன்று இறந்தார்.

இப்போது விட்டுவந்த கேள்விக்குத் திரும்பலாம். ஓர் இந்தியரோடு ஆண்டுக்கணக்கில் வாழ்ந்து, வீட்டில் இந்தியர்கள் வந்துபோக, விடுதலைப் போராட்டத்தை நேரில் அறிந்தவர்களோடு பேசிப் பழகிய ஹார்புவின் இந்தியா மாறியதா? 1938இல் ரிச்சர்ட் ஐக்பெர்க் ‘இந்தியக் கல்லறை’யை மீண்டும் எடுத்தார். அதே மகாராஜா, அதே பழி, அதே புலி. 1959இல் லாங்கே ஜெர்மனிக்குத் திரும்பி வந்து, இளமையில் திரைக்கதை எழுதியும் இயக்கக் கிடைக்காமல் தன் கையைவிட்டுப் போன அந்தப் படத்தை இயக்கினார். இம்முறை கேமரா உண்மையாகவே உதய்ப்பூருக்கு வந்தது. ஏரியும் அரண்மனையும் அசல். இந்தியா குடியரசாகி ஒன்பது ஆண்டுகள் ஆகியிருந்தன, சமஸ்தானங்கள் எல்லாம் கலைந்துபோயிருந்தன. திரையிலோ மகாராஜா இன்னும் ஆண்டுகொண்டிருந்தான், நாட்டியக்காரி நாகத்தின் முன் ஆடிக்கொண்டிருந்தாள். கதை ஜெர்மன் பார்வையாளருக்காக 1918இல் எழுதப்பட்டது, 1959இலும் அவருக்காகவே எடுக்கப்பட்டது. இடம் நிஜமானதால் எதுவும் மாறவில்லை.

நேரில் காணாத ஊரை எழுதுவது குற்றமல்ல. நேரில் கண்டதும் தானாகப் புண்ணியமாகிவிடாது. ‘பிரேம் சன்யாஸ்’ எடுத்தவர்கள் இந்திய மண்ணில் நின்றுகொண்டு லண்டனுக்காக எழுதினார்கள். இந்தி அறியாத ஓஸ்டனும் ஆங்கிலத்தில் எழுதிய பாலும் உள்ளூர் மக்களை நினைத்து வேலை செய்தபோது ‘அச்சூத் கன்யா’ பிறந்தது. தமிழ்நாட்டின் கிராமத்தையும் மதுரை வட்டாரத்தையும் ஈழத்தையும் இன்று திரையில் பார்க்கும்போது, எழுதியவர் அந்த மண்ணைச் சேர்ந்தவரா என்ற கேள்வியையே நாம் முதலில் எழுப்புகிறோம். அந்த மண்ணைச் சேர்ந்தவர் எதிரே உட்கார்ந்திருக்கிறார் என்று நினைத்து எழுதப்பட்டதா என்பதே அதைவிடப் பயனுள்ள கேள்வி.